சினிமாவில் நடிக்காமலேயே சினிமாவில் இருப்பவர்கள்

1981 ஜனவரி 31 அன்று டில்லியில் சுமார் 3 லட்சம் பேர் கூடினார்கள். ரிச்சர்ட் அட்டன்பரோ தன்னுடைய ‘காந்தி’ படத்துக்காக மகாத்மாவின் இறுதி ஊர்வலத்தை மறுபடியும் நடத்திப் படம்பிடித்த நாள் அது. சரியாக 33 ஆண்டுகளுக்கு முன்பு, 1948 ஜனவரி 31 அன்று, அதே டில்லியில் உண்மையான ஊர்வலம் போனது. அன்றும் கேமராக்கள் இருந்தன. சாலையின் இருபுறமும் நெருக்கியடித்து நின்றவர்கள், மரத்தில் ஏறிக்கொண்டவர்கள், வண்டியோடு ஓடியவர்கள் என்று அன்றைய கூட்டமும் படச்சுருளில் பதிந்தது. காந்தியைப் பற்றிய ஆவணப்படங்களில் அந்தக் கூட்டத்தை நாம் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறோம்.

இரண்டு கூட்டமும் திரையில்தான் இருக்கின்றன. ஆனால் 1981-ல் வந்தவர்களுக்கு இது சினிமா என்று தெரியும். 1948-ல் வந்தவர்கள் துக்கத்துக்கு வந்தவர்கள். தாங்கள் ஒரு படத்தில் வரப்போகிறோம் என்பதோ, எத்தனை படத்தில் வரப்போகிறோம் என்பதோ அவர்களுக்குத் தெரியாது. இந்தக் கட்டுரை அவர்களைப் பற்றியது.

முதலில் சொல்லைப் புரிந்துகொள்வோம். வேறு ஏதோ ஒரு காரணத்துக்காக எப்போதோ எடுக்கப்பட்டு, எங்கோ பாதுகாத்து வைக்கப்பட்டிருந்த காட்சியைப் பிற்பாடு ஒருவர் எடுத்துத் தன் படத்தில் சேர்த்துக்கொண்டால் அதற்கு ஆவணக் காட்சி என்று பெயர். செய்திப்படம், போர்க்களத்தில் ராணுவம் எடுத்த படம், ஒரு குடும்பம் சுற்றுலாவில் எடுத்த படம், தொலைக்காட்சிப் பேட்டி, கடை வாசலில் மாட்டிய கண்காணிப்பு கேமராவின் பதிவு, எல்லாமே ஒருநாள் ஆவணக் காட்சி ஆகலாம். நம் சினிமாக்காரர்கள் சொல்லும் ‘ஸ்டாக் ஷாட்’ இதற்குப் பக்கத்து வீடு. ஒரே வீடு அல்ல. அது யார் படத்துக்கும் பொருந்துகிற மாதிரி எடுத்து வைத்த கடல் அலை, மின்னல், தரையிறங்கும் விமானம். ஆவணக் காட்சிக்குத் தேதியும் இடமும் உண்டு. அதில் இருக்கும் மனிதருக்கு அன்றைக்கு ஒரு வேலை இருந்தது; அதைத்தான் அவர் பார்த்துக்கொண்டிருந்தார்.

திரைப்படத் தகவல் தரும் இணையதளங்களில் நடிகர் பட்டியலைப் பார்த்தால் சில பெயர்களுக்கு எதிரே ‘அவராகவே, ஆவணக் காட்சியில்’ என்ற பொருளில் ஒரு குறிப்பு இருக்கும். அமெரிக்க அதிபர் கென்னடி 1963-ல் இறந்துபோனார். அவருடைய படப் பட்டியல் மட்டும் இன்றுவரை வளர்ந்துகொண்டே போகிறது. அதே காட்சியில் அவருடைய காருக்குப் பின்னால் நடைபாதையில் நின்று கையசைத்தவருக்கு அந்த ஒரு வரி கிடைப்பதில்லை. முகம் இருக்கிறது, பெயர் இல்லை. இந்த விஷயத்தின் சிக்கல் எல்லாம் இந்த இடத்தில்தான் தொடங்குகிறது.

ஆலை வாசலில் தொடங்கியது

சினிமாவின் முதல் முகங்களே சாதாரண மனிதர்களின் முகங்கள்தான். 1895-ல் பிரான்சின் லியோன் நகரில் லூமியேர் சகோதரர்கள் தங்கள் தொழிற்சாலை வாசலில் கேமராவை நிறுத்தினார்கள். கதவு திறக்கிறது, வேலை முடிந்த பெண்களும் ஆண்களும் வெளியே வருகிறார்கள், ஒரு நாய் குறுக்கே போகிறது, ஒரு நிமிடம் கூட ஓடாத படம். அந்த ஆண்டு டிசம்பர் 28 அன்று பாரிஸில் காசு வாங்கிக்கொண்டு திரையிட்டபோது இதுவும் அதில் இருந்தது. வேடிக்கை என்னவென்றால் இந்தப் படத்துக்கு மூன்று வடிவங்கள் உண்டு. ஒன்றில் ஒற்றைக் குதிரை வண்டி வரும், இன்னொன்றில் இரட்டைக் குதிரை, மற்றொன்றில் குதிரையே இல்லை. ஆக, ‘உள்ளதை உள்ளபடி’ எடுத்த முதல் படத்துக்கே தொழிலாளர்களைத் திரும்ப உள்ளே அனுப்பி வெளியே வரச் சொல்லியிருக்கிறார்கள். கேமரா முன்னால் யாரும் முழுக்கத் தற்செயலாக இருப்பதில்லை என்பதை இப்போதே மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

இங்கிலாந்தில் இதை ஒரு வியாபாரமாகவே நடத்தினார்கள். பிளாக்பர்ன் நகரத்தைச் சேர்ந்த மிட்செல், கென்யன் என்ற இரு கூட்டாளிகள் 1900-ஐ ஒட்டிய ஆண்டுகளில் பஞ்சாலை வாசல்களிலும் கால்பந்து மைதானங்களிலும் ஊர்வலங்களிலும் கேமராவை வைத்தார்கள். திருவிழாக் கொட்டகைக்காரர்கள்தான் அவர்களுக்கு வாடிக்கையாளர்கள். பகலில் எடுத்ததைச் சீக்கிரமே கழுவிக் கொட்டகையில் ஓட்டுவார்கள். ‘வாருங்கள், மற்றவர்கள் பார்ப்பதுபோல் உங்களை நீங்களே பாருங்கள்’ என்பதுதான் விளம்பரம். எத்தனை முகங்கள் படத்தில் விழுகின்றனவோ அத்தனை டிக்கெட் விற்கும். அதனால்தான் அந்தப் படங்களில் கூட்டம் கேமராவை நோக்கியே வருகிறது. சிறுவர்கள் தொப்பியைக் கழற்றி ஆட்டுகிறார்கள். ஓரத்தில் போய்விட்ட பையன் மறுபடி நடுவுக்கு ஓடி வருகிறான்.

அந்த வியாபாரம் ஓய்ந்தது. 1994-ல் பிளாக்பர்னில் அவர்களுடைய பழைய கடைக் கட்டடத்தைக் காலி செய்தபோது நிலவறையில் மூன்று உலோகப் பீப்பாய்கள் கிடைத்தன. உள்ளே 800-க்கும் மேற்பட்ட நெகட்டிவ் சுருள்கள். இன்று அவை பிரிட்டிஷ் திரைப்படக் கழகத்தின் காப்பகத்தில் இருக்கின்றன. 2005-ல் பிபிசி அவற்றை வைத்து ஒரு தொடரையே ஒளிபரப்பியது. தன்னைத் தானே பார்த்துச் சிரித்துவிட்டுப் போவதற்காக சில காசு கொடுத்த பஞ்சாலைப் பெண், நூறு ஆண்டு கழித்து ஒரு தேசத்தின் வரலாற்றுச் சான்றாகிவிட்டார். அவரை யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் மறுத்திருப்பார் என்றும் எனக்குத் தோன்றவில்லை.

பெரிய மனிதரைத் தேடினால் கூட்டமும் வரும்

இந்த வகையில் நம்மவர் ஒருவர் செய்த வேலையைச் சொல்லாமல் மேலே போகக் கூடாது. செட்டிநாட்டுக் கோட்டையூர்க்காரரான ஏ.கே.செட்டியார் 1937 அக்டோபர் 2 அன்று நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தார். அன்று காந்தி பிறந்த நாள். காந்தியைப் பற்றி உலகெங்கும் எடுக்கப்பட்ட படச்சுருள்களைத் தேடிச் சேர்த்து ஒரு முழுப் படம் செய்தால் என்ன என்று தோன்றியது. தென்னாப்பிரிக்கா, ஐரோப்பா, அமெரிக்கா என்று அலைந்தார். சேர்ந்தது சுமார் 50,000 அடி. அதிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்தெடுத்து 1940-ல் தமிழ் விளக்கவுரையோடு வெளியிட்டார்.

அடிக்கணக்கு இன்று பலருக்குப் புரியாது. பேசும்படக் காலத்து 35 மில்லிமீட்டர் சுருள் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். அந்தக் கணக்கில் அவர் சேர்த்தது ஒன்பது மணி நேரத்துக்கு மேல். வைத்துக்கொண்டது இரண்டேகால் மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. பிறர் எடுத்த காட்சிகளைச் சேர்த்தும் ஒருவர் படம் செய்யலாம், படம் என்பது தேடுவதிலும் தேர்ந்தெடுப்பதிலும் இருக்கலாம் என்பதற்கு இதைவிட நல்ல பாடம் தமிழில் கிடையாது.

காந்தியைத் தேடி எடுத்த எந்தச் சுருளிலும் காந்தி தனியாக இருக்க மாட்டார். ரயில்வே பிளாட்பாரத்தில் மாலையோடு நிற்பவர், இடுப்புக் குழந்தையோடு எட்டிப் பார்ப்பவர், கூட்டத்தை விலக்குகிற தொண்டர் எல்லோரும் சேர்ந்தே வருவார்கள். சாதாரண மனிதர்கள் காப்பகத்துக்குள் நுழைந்த வழி பெரும்பாலும் இதுதான்: பெரிய மனிதரைப் படம்பிடிக்கப் போன கேமராவின் ஓரத்தில்.

சுதந்திரத்துக்குப் பிறகு 1948-ல் தொடங்கிய பிலிம்ஸ் டிவிஷன் வாராவாரம் செய்திப்படம் தயாரித்துத் தியேட்டர்களுக்கு அனுப்பியது. படம் தொடங்குமுன் அதை ஓட்டியாக வேண்டும் என்பது அன்றைய சட்டம். நம்மில் வயதானவர்களுக்கு அது நினைவிருக்கும். முறுக்கு வாங்குவதற்கும் இருட்டில் இடம் தேடுவதற்கும் உதவிய நேரம். யாரும் கவனித்துப் பார்க்காத அந்தப் பத்து நிமிடங்களில்தான் அணை கட்டிய கூலிகள், வெள்ள நிவாரணத்துக்கு வரிசையில் நின்றவர்கள், முதல் முறை ஓட்டுப் போட்ட பெண்கள் எல்லாம் பதிந்திருக்கிறார்கள்.

வெட்டி ஒட்டும் இடம்

இப்படிக் குவிந்த காட்சிகள் ஒரு புதிய படத்துக்குள் எப்படிப் போகின்றன? இதற்கென்றே ஆவணக் காட்சி ஆய்வாளர்கள் இருக்கிறார்கள். இயக்குநருக்கு 1950-களின் ஒரு சந்தை வேண்டும் என்றால் அவர்கள் காப்பகங்களின் பட்டியலில் தேடுவார்கள். பட்டியலில் ஒவ்வொரு சுருளுக்கும் ஒரு விவரக் குறிப்பு இருக்கும்: ‘சந்தை, கூட்டம், காய்கறி விற்கும் பெண், நடுத்தரத் தூரக் காட்சி’. கிடைத்ததைக் காப்பகம் ஒரு முன்னோட்டப் பிரதியாக அனுப்பும். அதன்மேல் காப்பகத்தின் முத்திரையும் நேரக் கணக்கும் ஓடிக்கொண்டிருக்கும். இயக்குநர் அதை வைத்துத் தன் படத்தைக் கோத்துப் பார்ப்பார். கடைசியில் எத்தனை விநாடி தேவையோ அத்தனை விநாடிக்கு, எந்தெந்த நாடுகளில், எத்தனை ஆண்டுகளுக்கு என்று பேசிப் பணம் கட்டி, முத்திரை இல்லாத நல்ல பிரதியை வாங்குவார்.

அந்த விவரக் குறிப்பை மறுபடி பாருங்கள். ‘காய்கறி விற்கும் பெண்’. அந்தப் பெண் காப்பகத்துக்குள் போனதே ஒரு பொதுச்சொல்லாகத்தான். பொதுச்சொல்லாகப் போனவரைப் பொதுச்சொல்லாகவே வெளியே எடுக்கிறார்கள். ‘பசி’, ‘இந்தியா’, ‘பழைய காலம்’ என்று எதற்கு வேண்டுமானாலும் அவர் முகம் உதவும்.

அடுத்தடுத்து வைப்பதால் அர்த்தம் எப்படி மாறும் என்பதை முதலில் பெரிய அளவில் செய்து காட்டியவர் எஸ்ஃபிர் ஷூப் என்ற ரஷ்யப் பெண் படத்தொகுப்பாளர். 1927-ல் ஜார் மன்னர் காலத்துச் செய்திப்படங்களையும் அரண்மனைப் படங்களையும் வைத்தே ஜார் ஆட்சியின் வீழ்ச்சியைச் சொல்லும் ஒரு முழுநீளப் படத்தைத் தொகுத்தார். அதில் ஓர் இடம். கப்பல் மேல்தளத்தில் சீமான்களும் சீமாட்டிகளும் ஆடுகிறார்கள், ஆடி வியர்க்கிறார்கள். அடுத்த காட்சியில் குடியானவர்கள் மண் வெட்டுகிறார்கள், அவர்களுக்கும் வியர்க்கிறது. எடுத்த கேமராக்காரர்களுக்கு இப்படி ஒரு எண்ணமே கிடையாது; ஒரு காட்சி மேல்தட்டு உல்லாசத்தின் பதிவு, மற்றது வேலையின் பதிவு. இரண்டையும் பக்கத்தில் வைத்ததும் ஓர் ஆட்சியின் மேல் தீர்ப்பே எழுதியாகிவிட்டது. மண் வெட்டியவர் அந்தத் தீர்ப்பை ஒப்புக்கொள்வாரா? ஒருவேளை மகிழ்ச்சியோடு ஒப்புக்கொள்வார். ஆனாலும் அவர் வாய்க்குள் அந்த வார்த்தையை வைத்தது அவரல்ல.

தலையில் துணி கட்டிய சிறுமி

இந்த விஷயத்தை ஒரே உதாரணத்தில் விளக்கச் சொன்னால் நான் இதைத்தான் சொல்வேன்.

நெதர்லாந்தில் வெஸ்டர்போர்க் என்ற இடத்தில் நாஜிகள் ஒரு முகாம் வைத்திருந்தார்கள். அங்கிருந்துதான் மனிதர்களை ரயிலில் ஏற்றி ஆஷ்விட்ஸ் போன்ற கொலைமுகாம்களுக்கு அனுப்பினார்கள். 1944-ல் முகாம் தலைவர் தன் முகாமைப் பற்றி ஒரு படம் எடுக்க உத்தரவிட்டார். எடுத்தவர் ருடால்ஃப் பிரெஸ்லாவர் என்ற யூதக் கைதி, ஜெர்மானியப் புகைப்படக்காரர். பிற்பாடு அவரும் ஆஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார், திரும்பி வரவில்லை.

அந்தப் படத்தில் ஒரு ரயில் புறப்படும் காட்சி. சரக்குப் பெட்டியின் கதவு மூடப்படப் போகிறது. இடுக்கில் ஒரு சிறுமி நின்று வெளியே பார்க்கிறாள். தலையில் வெள்ளைத் துணி கட்டியிருக்கிறாள். வாய் லேசாகத் திறந்திருக்கிறது. சில விநாடிகள்தான். போருக்குப் பிறகு இந்தச் சுருள் எத்தனையோ ஆவணப்படங்களுக்குள் போனது. அந்தச் சிறுமியின் முகம் யூத இனப்படுகொலையின் முகமாகவே ஆகிவிட்டது. ‘தலைத்துணிச் சிறுமி’ என்று அழைத்தார்கள். ஐம்பது ஆண்டுகளாக அவள் பெயர் யாருக்கும் தெரியவில்லை. யூதச் சிறுமி என்பதில் மட்டும் யாருக்கும் சந்தேகம் இல்லை.

1992-ல் ஆட் வாகெனார் என்ற டச்சுப் பத்திரிகையாளர் அவளைத் தேடத் தொடங்கினார். கையில் இருந்தது அந்தப் படம் மட்டும்தான். பெட்டியின் வெளிப்புறத்தில் எழுதியிருந்த எண்ணைப் பார்த்தார். வேறொரு காட்சியில் சில விநாடிகளே தெரியும் ஒரு சூட்கேஸைப் பார்த்தார். இவற்றை முகாமின் பதிவேடுகளோடு ஒப்பிட்டதில் அது 1944 மே 19 அன்று புறப்பட்ட ரயில் என்று உறுதியானது. அன்றைய ரயிலில் யூதர்கள் மட்டும் போகவில்லை. ரோமா, சின்டி என்ற ஐரோப்பிய நாடோடி இனங்களின் மக்களும் ஏற்றப்பட்டிருந்தார்கள். ஊர் ஊராக வண்டிகளில் வாழ்ந்த அந்த மக்களை ‘ஜிப்சி’ என்று சொல்லி நாஜிகள் தனியாக வேட்டையாடினார்கள். 1994 பிப்ரவரியில் வாகெனார், அதே பெட்டியில் பயணம் செய்து உயிர் தப்பிய ஒரு பெண்ணைக் கண்டுபிடித்தார். அவருக்கு நினைவிருந்தது. இடுக்கில் நின்ற சிறுமியை அவள் அம்மா, தலை சிக்கிக்கொள்ளும், உள்ளே வா என்று பெயர் சொல்லிக் கூப்பிட்டாராம்.

அந்தப் பெயர் செட்டேலா. செட்டேலா ஸ்டெய்ன்பாக். 1934 டிசம்பரில் பிறந்த சின்டி இனச் சிறுமி. படம் எடுத்தபோது வயது ஒன்பது. முகாமில் தலையை மழித்துவிட்டிருந்ததால்தான் கிழித்த துணியைச் சுற்றியிருந்தாள். அந்த ஆண்டு ஆகஸ்ட் தொடக்கத்துக்குள் ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டாள். அம்மாவும் உடன்பிறந்தவர்களும் தப்பவில்லை.

அந்த ஐம்பது ஆண்டுகளில் அவளைத் திரையில் காட்டிய யாரும் பொய் சொல்ல நினைக்கவில்லை, மரியாதையோடுதான் காட்டினார்கள். ஆனாலும், போருக்குப் பிறகு யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளாத ஒரு சமூகத்தின் பெண், கண்டுகொள்ளப்படாமலேயே உலகப் புகழ் பெற்றிருந்தாள். அவள் முகத்தின் மேல் வேறொரு விவரக் குறிப்பு ஒட்டப்பட்டிருந்தது. அதைப் பிரிக்க ஒரு சூட்கேஸும் ஓர் எண்ணும் ஒரு அம்மாவின் குரலும் தேவைப்பட்டன.

தலைத்துணியால் மட்டும் அறியப்படும் இன்னொருவரும் உண்டு. 1963 நவம்பர் 22 அன்று டல்லஸில் கென்னடி சுடப்பட்டதை ஆபிரகாம் சப்ரூடர் என்ற ஆடைத் தயாரிப்பு நிறுவன முதலாளி தன் வீட்டுக் கேமராவில் எடுத்தார், 26 விநாடி. அதில் தலையில் துண்டு கட்டிய ஒரு பெண் நிற்கிறார். அவரும் கையில் ஏதோ கேமரா வைத்துப் படமெடுப்பதுபோல் தெரிகிறது. ரஷ்யப் பாட்டிகள் கட்டும் தலைத்துணியை வைத்து ‘பாபுஷ்கா பெண்மணி’ என்று பெயர் வைத்தார்கள். அவர் யார் என்று இன்றுவரை உறுதியாகத் தெரியவில்லை. அந்த 26 விநாடிக்காக அமெரிக்க அரசு சப்ரூடர் குடும்பத்துக்கு 1999-ல் கொடுத்த தொகை 1.6 கோடி டாலர். பின்னணியில் நின்றவர்களுக்கு அதில் ஒன்றும் கிடையாது.

மூன்று நிமிடத்தை ஒரு மணி நேரம் பார்ப்பது

பெயர் இல்லாத முகங்களை வேறு மாதிரியும் கையாளலாம். டேவிட் கர்ட்ஸ் என்பவர் சிறுவயதில் போலந்திலிருந்து அமெரிக்காவுக்குக் குடிபோனவர். 1938-ல் ஐரோப்பாவைச் சுற்றிப் பார்க்கப் போனவர், நாசியெல்ஸ்க் என்ற சிற்றூரில் இறங்கித் தன் புதுக் கேமராவால் மூன்று நிமிடம் எடுத்தார். கொஞ்சம் கறுப்பு வெள்ளை, கொஞ்சம் வண்ணம். அங்கே வாழ்ந்த 3,000 யூதர்களில் போரில் தப்பியவர்கள் நூறு பேருக்கும் குறைவு. சுருள் 2009-ல் பேரன் கையில் கிடைத்தபோது நைந்து சுருங்கிப் போயிருந்தது. அமெரிக்காவின் யூத இனப்படுகொலை நினைவு அருங்காட்சியகம் அதைச் சீராக்கி இணையத்தில் வைத்தது. அதை ஒரு பெண் பார்த்தார். கூட்டத்தில் பல்லைக் காட்டிக்கொண்டு நின்ற பதின்மூன்று வயதுப் பையன் தன் தாத்தா என்று அடையாளம் கண்டார். தாத்தா உயிரோடுதான் இருந்தார், எண்பதைக் கடந்தவர். அவரோடு உட்கார்ந்து பார்த்ததில் இன்னும் சில முகங்களுக்குப் பெயர் கிடைத்தது.

டச்சு இயக்குநர் பியாங்கா ஸ்டிக்டர் 2021-ல் அந்த மூன்று நிமிடத்தை மட்டும் வைத்து ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓடும் படம் செய்தார். திரையில் வேறு காட்சியே கிடையாது. நிறுத்துகிறார், பெரிதாக்குகிறார், பின்னோக்கி ஓட்டுகிறார். கடைப் பலகையில் மங்கிப்போன எழுத்து என்ன? மரம் என்ன மரம்? பையன்கள் தலையில் இருக்கும் தொப்பியிலிருந்து குடும்பத்தைப் பற்றி என்ன தெரிகிறது? கடைசியில் ஒவ்வொரு முகத்தையும் தனித்தனியாக வெட்டி எடுத்து வரிசையாக வைக்கிறார், நூற்றைம்பதுக்கும் மேல். பெரும்பாலானவற்றுக்குப் பெயர் இல்லை. பெயர் கிடைக்கவில்லை என்பதற்காக அவர்களைக் ‘கூட்டம்’ ஆக்கிவிடவில்லை. அதுதான் இந்தப் படத்தில் எனக்குப் பிடித்தது.

கேமரா யார் கையில் இருந்தது என்பதையும் கேட்டுப் பழக வேண்டும். 1942 மே மாதம் போலந்தின் வார்சா கெட்டோவில், அதாவது யூதர்களை அடைத்து வைத்திருந்த நகரப் பகுதியில், நாஜிகள் எடுத்த படச்சுருளைப் பல பத்தாண்டுகள் ஆவணப்படக்காரர்கள் உண்மைக் காட்சியாகவே எடுத்தாண்டார்கள். 1998-ல் அதே படப்பிடிப்பின் இன்னொரு சுருள் கிடைத்தது. ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப எடுத்திருப்பது அதில் தெரிந்தது. பட்டினியில் கிடந்தவர்களைத் தாண்டி, நல்ல உடை போட்டவர்கள் நடந்து போகும் காட்சிகள் ஏற்பாடு செய்யப்பட்டவை. அங்கே நடந்தவர்கள் துணை நடிகர்களும் அல்லர், தற்செயலாக வந்தவர்களும் அல்லர். மிரட்டலுக்கு நடந்தவர்கள்.

அனுமதி வாங்க வேண்டாமா?

புதிதாக ஒருவரைப் பேட்டி எடுத்தால் கையெழுத்து வாங்குவார்கள். ஆவணக் காட்சியில் இருப்பவரிடம் வாங்க முடியாது. பெரும்பாலும் அவர் யார் என்றே தெரியாது. காப்பகத்துக்குக் கட்டும் பணம் பதிப்புரிமைக்கானது. அதாவது காட்சி யாருடையதோ அவருக்கு. காட்சியில் இருப்பவருக்கு அல்ல. இந்தியச் சட்டப்படி திரைப்படத்தின் பதிப்புரிமை வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள். முகத்துக்கு அப்படி ஒரு எளிய கணக்கு இல்லை. பொது இடத்தில் நடந்ததைக் காட்டலாம் என்பது பொதுவான நடைமுறை. நாட்டுக்கு நாடு இது மாறும். பிரான்சில் ஒருவருக்குத் தன் உருவத்தின் மேல் இருக்கும் உரிமை வலுவானது. நம் நாட்டில் 1994-ல் ஆட்டோ சங்கரின் தன்வரலாற்றை நக்கீரன் வெளியிடுவது தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம், ஒருவரின் தனிவாழ்க்கையை அவர் சம்மதம் இல்லாமல் வெளியிடக் கூடாது, ஆனால் பொது ஆவணத்தில் ஏற்கனவே இருப்பதற்கு அந்தத் தடை பொருந்தாது என்றது. தெருவில் நடந்த மனிதரின் மூன்று விநாடி எந்தப் பக்கம் சேரும் என்பது, படத்தில் அவரை என்னவாகக் காட்டுகிறார்கள் என்பதைப் பொறுத்தது. சந்தைக் கூட்டத்தில் ஒருவராகக் காட்டினால் பிரச்சினை இல்லை. அதே முகத்தின் மேல் ‘கள்ளச்சாராயம் பெருகிய காலம்’ என்று விளக்கவுரை ஓடினால், பேரப்பிள்ளைகள் வக்கீலைப் பார்க்கத்தான் செய்வார்கள்.

தொழில்நுட்ப விஷயம் ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் எல்லோரும் கேட்பது இது: பழைய படத்தில் மனிதர்கள் ஏன் விடுவிடென்று நடக்கிறார்கள்? மௌனப்படக் காலத்தில் கேமராவைக் கையால் சுற்றினார்கள். விநாடிக்குப் பதினாறு படம், பதினெட்டு படம் என்று பதிவானதைப் பிற்காலத்து எந்திரத்தில் விநாடிக்கு 24 என்று ஓட்டினால் எல்லோரும் கோமாளி ஆகிவிடுவார்கள். முதல் உலகப்போர்க் காட்சிகளை பீட்டர் ஜாக்சன் 2018-ல் சீராக்கியபோது முதலில் வேகத்தைச் சரிசெய்தார், பிறகு வண்ணம் ஏற்றினார். உதட்டசைவைப் படிக்கத் தெரிந்தவர்களை வைத்து வீரர்கள் என்ன பேசுகிறார்கள் என்று கண்டுபிடித்துக் குரலும் கொடுத்தார். சிலருக்கு இது பிடிக்கவில்லை. சான்றைப் பூசி மெழுகுவதாகச் சொன்னார்கள். எனக்கு வண்ணத்தில் அவ்வளவு நம்பிக்கை இல்லை. வேகத்தைச் சரிசெய்தது மட்டும் ஒரு நியாயம் என்று நினைக்கிறேன். கோமாளியாகத் துள்ளிக்கொண்டிருந்தவர் மனிதராக நடக்கத் தொடங்குகிறார். இல்லாத மனிதரையே செயற்கை நுண்ணறிவு ‘பழைய காட்சி’யாக உருவாக்கித் தரும் காலத்தில், எது உண்மையான சுருள் என்று திரையில் சொல்ல வேண்டிய கடமையும் இப்போது சேர்ந்துகொண்டிருக்கிறது.

எங்கள் வீட்டிலும் ஒரு காப்பகம் உண்டு. 1993-ல் நடந்த சித்தப்பா கல்யாணத்தின் வீடியோ கேசட். பூஞ்சை பிடித்துப்போன அதைச் சென்ற ஆண்டு சுத்தம் செய்து பென் டிரைவில் ஏற்றி வாங்கினேன். அத்தை பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு முகமாகச் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டேன். வீடியோ லைட் கண்ணைக் கூசவைத்ததும் முந்தானையால் முகத்தை மறைத்துக்கொள்ளும் கிழவி யார், நாற்காலியில் தூங்குபவர் யார் என்று எல்லாவற்றுக்கும் அவரிடம் பதில் இருந்தது. அவருக்குச் சந்தேகம் வந்த இடத்தில் பரணிலிருந்து மொய் நோட்டை எடுத்தோம். கேசட்டில் முகம் இருக்கிறது, பெயர் இல்லை. மொய் நோட்டில் பெயர் இருக்கிறது, முகம் இல்லை. ஊரையும் தொகையையும் வைத்து இரண்டையும் பொருத்திக்கொண்டே வந்தோம்.

பந்தி நடக்கும் இடத்தில் ஒருவர் சாம்பார் வாளியோடு குறுக்கும் நெடுக்குமாகப் போய்வருகிறார். மாப்பிள்ளைக்கு அடுத்தபடியாக அந்தக் கேசட்டில் அதிக நேரம் வருபவர் அவர்தான். ஒரு தடவை கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டு, ‘போதும், எடுக்காதே’ என்பதுபோல் கரண்டியை ஆட்டுகிறார். நிறுத்திப் பெரிதாக்கிக் காட்டினேன். அத்தை கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். தெரியவில்லை. மொய் நோட்டை மறுபடி எடுக்கப் போனேன். “அதிலே இருக்காதுடா” என்றார். “பரிமாற வந்தவர் மொய் எழுத மாட்டார்.”